நினைவும் வாய்மையும்

இல்லறத்தார் ஏற்கும் அணுவிரதங்கள் ஐந்தனுள் வாய்மை இரண்டாவதாகும். அறிந்து பொய் கூறாமை என்பதே அதன் பொருள் என நம்மில் பலர் எண்ணி, அந்த அளவில் அமைதி கொள்கிறோம். ஆயினும் ஒரு வினா எஞ்சி நிற்கிறது. பொய் சொல்லும் எண்ணம் சிறிதுமின்றி, தம் நினைவில் உள்ளதை உள்ளவாறே உரைப்பதாக நம்பி ஒருவர் கூறியது, நடந்ததற்கு மாறாக இருப்பின் அஃது என்ன? பொய்யா, பிழையா? அதற்கு அவர் பொறுப்பாவாரா?

இவ்வினா வெறும் தருக்கம் அன்று. பாகப்பிரிவினையின்போது தந்தையார் சொல்லிச் சென்றது எது, திருமணத்தின்போது பேசிய சீர் எவ்வளவு, கைமாற்றாகக் கொடுத்த பணம் திரும்பியதா இல்லையா என்பன பற்றி உடன்பிறந்தார் இருவர் இரு வேறு வகையாகக் கூறுவதை எல்லாக் குடும்பங்களிலும் காண்கிறோம். ஒருவர் மற்றவரைப் பொய்யர் என்கிறார். பேச்சு நிற்கிறது, போக்குவரவும் நிற்கிறது. உண்மையில் இருவருமே பொய்யர் அல்லராக இருத்தல் கூடும். எனவே நினைவின் இயல்பை அறிவது வாய்மை விரதத்தின் ஒரு பகுதியே என்பதை இக்கட்டுரையில் காண்போம்.

நினைவு என்னும் அளவை

நம் ஆகமம் கூறும் ஐவகை ஞானங்களுள் முதலாவது மதிஞானம். பொருளைப் பொதுவாகப் பற்றுதல் அவக்கிரகம்; அது யாதென ஆராய முற்படுதல் ஈகை; இன்னதே எனத் துணிதல் அவாயம்; துணிந்ததை மறவாது உள்ளத்தில் தாங்குதல் தாரணை. இத்தாரணையால் பதிந்த சம்ஸ்காரம் பின்னொரு நாள் விழித்தெழும்போது, 'அது' என்னும் வடிவில் தோன்றும் அறிவே ஸ்மிருதி, அஃதாவது நினைவு.

நியாயம் முதலிய பிற தரிசனத்தார் நினைவை அளவையாக ஏற்கவில்லை. நம் தருக்க ஆசிரியர்களோ அதனைப் பரோட்சப் பிரமாணத்தின் வகைகளுள் ஒன்றாக வைத்தனர். நினைவே இல்லையெனில் கொடுத்ததைத் திரும்பப் பெறுதலும், கற்றதைக் கொண்டு மேலும் கற்றலும், ஏற்ற விரதத்தைக் காத்தலும் இயலா. ஆகவே நினைவை இகழ்தல் நம் நெறி அன்று.

ஆனால் அளவையென ஏற்ற அதே ஆசிரியர்கள் அதன் போலியையும் கூறத் தவறவில்லை. மாணிக்கியநந்தி ஆசாரியர் தமது பரீக்ஷாமுகம் என்னும் நூலின் இறுதிப் பகுதியில் ஸ்மரணாபாசம், அஃதாவது போலி நினைவு, என்பதை விளக்குகிறார். முன்பு கண்டவன் ஜினதத்தனாக இருக்க, அவனைத் தேவதத்தன் என நினைவுகூர்தல் அவர் காட்டும் எடுத்துக்காட்டு. ஒத்த உருவுடைய இரட்டையருள் ஒருவனைக் கண்டு 'அவனே இவன்' எனத் துணிவதைப் போலி அடையாள அறிவு என்கிறார். போலி நினைவு மெய்ந்நினைவைப் போன்றே தோன்றும். அதனாலேயே அது போலி எனப்படுகிறது.

ஆய்வாளர் கண்டவை

இருபதாம் நூற்றாண்டின் உளநூலார் இதனையே சோதனை வாயிலாக ஆராய்ந்தனர். இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துப் பேராசிரியர் பிரெடரிக் பார்ட்லெட் 1932ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் ஒரு சோதனையை விவரிக்கிறார். வட அமெரிக்கப் பழங்குடியினரின் கதையொன்றை ஆங்கிலேயர் சிலருக்குப் படிக்கக் கொடுத்து, பின்னர்ப் பலமுறை நினைவிலிருந்து எழுதச் செய்தார். அவர்களுக்குப் புரியாத பகுதிகள் உதிர்ந்தன; விளங்காத இடங்களில் அவர்களே காரணங்களை இட்டு நிரப்பினர்; கதையில் வந்த கடல்நாய் வேட்டை, சிலருடைய எழுத்தில் மீன்பிடித்தலாக மாறிற்று. நினைவு என்பது பெட்டியில் வைத்த பொருளை எடுத்தல் அன்று. ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டுதல் என அவர் முடிவு செய்தார்.

அமெரிக்காவில் எலிசபெத் லாஃப்டஸ் என்னும் அம்மையார், ஜான் பால்மர் என்பவருடன் 1974ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வு மேலும் வியப்பானது. 150 மாணவர்களுக்குக் கார் விபத்து ஒன்றின் படத்தைக் காட்டினர். 50 பேரிடம் 'கார்கள் மோதி நொறுங்கியபோது என்ன வேகம்?' என்றும், வேறு 50 பேரிடம் 'இடித்தபோது என்ன வேகம்?' என்றும் கேட்டனர். எஞ்சிய 50 பேரிடம் வேகத்தைப் பற்றிக் கேட்கவே இல்லை. ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைக் கண்டீர்களா என அனைவரிடமும் வினவினர். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை. எனினும் 'நொறுங்கிய' என்னும் சொல்லைக் கேட்டவருள் 16 பேரும், 'இடித்த' என்னும் சொல்லைக் கேட்டவருள் 7 பேரும், வினா கேட்கப்படாதவருள் 6 பேரும் கண்டதாகக் கூறினர். கேட்பவரின் ஒரு சொல், சொல்பவரின் நினைவுக்குள் புகுந்துவிடுகிறது.

1995ஆம் ஆண்டு அவ்வம்மையாரும் ஜாக்குலின் பிக்ரெல் என்பவரும் வெளியிட்ட மற்றொரு சோதனையில், 24 பேரிடம் அவர்தம் இளமை நிகழ்ச்சிகள் என நான்கைக் கூறினர். மூன்று உறவினர் தந்த உண்மைகள். நான்காவது, சிறு வயதில் பெரிய கடைத்தொகுதி ஒன்றில் வழி தவறிப்போனார் என்னும் கற்பனை. ஏறத்தாழ நான்கில் ஒருவர் அந்நிகழ்ச்சியும் தமக்கு முழுமையாகவோ ஓரளவோ நினைவில் உள்ளதாகக் கூறினர். நடவாததும் நடந்ததாக நெஞ்சில் குடியேறக் கூடும் என்பதற்கு இது சான்று.

உறுதி சான்றாகுமா?

'எனக்கு நன்றாக நினைவிருக்கிறது' என்பது நாம் அடிக்கடி கேட்கும் சொல். அவ்வுறுதி மெய்மைக்கு அடையாளம் ஆகுமா?

1986 ஜனவரி 28 அன்று 'சேலஞ்சர்' என்னும் அமெரிக்க விண்வெளி ஓடம் வெடித்து எழுவர் மாண்டனர். மறுநாள் காலையிலேயே எமரி பல்கலைக்கழகத்து மாணவர்களிடம், அச்செய்தியை எங்கே, யார் வாயிலாக, எவ்வாறு அறிந்தீர்கள் எனக் கேட்டு எழுதி வாங்கினார் அல்ரிக் நைசர் என்னும் பேராசிரியர். ஏறத்தாழ இரண்டரை ஆண்டு கழித்து அவர்களுள் 44 பேரிடம் அவரும் நிக்கோல் ஹார்ஷ் என்பவரும் அதே வினாக்களைக் கேட்டனர். 7 மதிப்பெண்ணுக்குச் சராசரியாகப் பெற்றது 3க்கும் குறைவு. நான்கில் ஒருவர் பெற்றது சுழி. வகுப்பில் கேள்வியுற்றதாக முதலில் எழுதிய ஒருவர், விடுதி அறையில் தொலைக்காட்சியில் கண்டதாகப் பின்னர் உறுதியாகக் கூறினார். அவரவர் கைப்பட எழுதியதைக் காட்டியபோதும் பழைய நினைவு திரும்பவில்லை. சிலர் தம் எழுத்தையே ஐயுற்றனர். புதிய நினைவை ஐயுறவில்லை.

இத்தகைய உறுதி ஒரு மனிதரின் வாழ்வையே அழிக்கவல்லது. 1984ஆம் ஆண்டு அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், இளம்பெண் ஒருவருக்குப் பெருங்கொடுமை இழைக்கப்பட்டது. பின்னாளில் அடையாளம் காட்ட வேண்டும் என்னும் நோக்கத்துடனேயே கொடியவனின் முகத்தை அவர் கூர்ந்து நோக்கினார். பின்னர் நிழற்படங்களிலிருந்தும், நேரில் நிறுத்தப்பட்டவர்களிலிருந்தும் ரொனால்டு காட்டன் என்பவரை அடையாளம் காட்டினார். காட்டன் தண்டிக்கப்பட்டார். மறுவிசாரணையின்போது உண்மைக் குற்றவாளியே அவர் முன் நிறுத்தப்பட்டும், இவரை நான் கண்டதில்லை என்றார். அதற்குள் நினைவில் இருந்த முகம் காட்டனின் முகமாகவே ஆகிவிட்டது. பத்து ஆண்டுகளுக்கு மேல் சிறையிருந்த காட்டன், 1995ஆம் ஆண்டு மரபணுச் சோதனையால் குற்றமற்றவரெனத் தெளிந்து விடுதலை பெற்றார். அப்பெண்மணி அவரை நேரில் கண்டு மன்னிப்பு வேண்டினார், அவரும் மன்னித்தார். பின்னர் இருவரும் இணைந்து நூல் எழுதி, சாட்சி பெறும் முறை திருந்தப் பாடுபட்டனர். அப்பெண்மணி பொய் சொல்லவில்லை என்பதையும், இன்னொருவரின் பத்தாண்டு வாழ்வு போயிற்று என்பதையும் நாம் ஒருங்கே எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

மிகுந்த எழுத்தும் குறைந்த எழுத்தும்

நினைவின் தளர்ச்சியை நம் முன்னோர் தம் சமய வரலாற்றிலேயே பட்டறிந்தனர். வீரநிர்வாணத்திற்குப் பின் 683 ஆண்டுகளில், செவிவழியாகவே காக்கப்பட்ட அங்க நூல்களின் அறிவு படிப்படியாகக் குறைந்ததாக நம் திகம்பர மரபு கூறும். கிர்னார் மலையின் சந்திரக் குகையில் வாழ்ந்த தரசேனாசாரியர், எஞ்சிய அறிவும் தம்மோடு மறைந்துவிடுமோ என அஞ்சி, தென்னாட்டுத் துறவியரிடமிருந்து மாணவர் இருவரை வரவழைத்தார். அவர்களே புஷ்பதந்தரும் பூதபலியும் ஆவர்.

ஒன்பதாம் நூற்றாண்டில் வீரசேனாசாரியர் இயற்றிய தவளா உரை ஒரு செய்தியைக் கூறுகிறது. ஆசாரியர் அவ்விருவருக்கும் இரு மந்திரங்களைக் கொடுத்தார். ஒன்றில் எழுத்து மிகுந்திருந்தது. மற்றொன்றில் எழுத்துக் குறைந்திருந்தது. அவர்கள் நோன்பிருந்து ஓதியபோது தோன்றிய தேவதையருள் ஒருத்தி நீண்ட பல்லுடனும், மற்றொருத்தி ஒற்றைக் கண்ணுடனும் காட்சி தந்தனர். 'தேவதையர்க்கு இஃது இயல்பன்றே' என அவர்கள் ஐயுற்றனர். மந்திர இலக்கணத்தோடு ஒப்பிட்டு எழுத்தைத் திருத்தி மீண்டும் ஓதினர். தேவதையர் தம் இயல்பான வடிவில் தோன்றினர். அதன் பின்னரே ஆசாரியர் அவர்களுக்கு ஆகமத்தைக் கற்பித்தார்.

நினைவுக்கு நேரும் குற்றங்கள் இரண்டே: இல்லாததைக் கூட்டுதல், உள்ளதைக் குறைத்தல். பார்ட்லெட்டும் இவற்றையே கண்டார். கேட்டதை அப்படியே ஒப்பித்தலை அன்று, ஐயுற்று ஒப்பிட்டுத் திருத்துதலையே தரசேனர் தகுதியாகக் கொண்டார். கற்றபின் பூதபலி தமிழகம் சென்றார் என்பதும் அவ்வுரை தரும் செய்தி. புஷ்பதந்தர் தொடங்க, பூதபலி நிறைவித்த ஷட்கண்டாகமம் நூலாக எழுதப்பட்ட நாளையே சுருத பஞ்சமி எனக் கொண்டாடுகிறோம். நினைவை மட்டும் நம்பாமல் எழுத்தில் காத்த அறிவுடைமையின் திருநாள் அது.

விரதத்தில் நினைவின் இடம்

தத்துவார்த்த சூத்திரம், பிரமாதத்தோடு கூடி உண்மையல்லாததைக் கூறுதலையே அசத்தியம் என வரையறுக்கிறது. பிரமாதம் என்பது விழிப்பின்மை. எனவே நம் முதல் வினாவுக்கு விடை கிடைக்கிறது. நினைவு பிழைபடுதல் மட்டுமே குற்றமன்று. அது மதிஞானாவரணத்தின் பயன். பிழைபடக்கூடும் என அறிந்தும், சோதிக்க வாய்ப்பிருந்தும், சோதிக்காமல் உறுதி கூறிப் பிறர்க்குக் கேடு விளைத்தல் பிரமாதம். அங்கே விரதம் பழுதுபடுகிறது.

வாய்மை விரதத்தைக் காக்கும் பாவனைகள் ஐந்து: சினத்தை விடுதல், பேராசையை விடுதல், அச்சத்தை விடுதல், நகையாட்டை விடுதல், ஆய்ந்து உரைத்தல். சினமுற்றவர் பழைய சொல்லைக் கூர்மையாக்கி நினைப்பர். ஆசையுற்றவர் தமக்குரிய பங்கைப் பெரிதாக நினைப்பர். இவை நாவை மட்டுமன்று, நினைவையும் காக்கும் பாவனைகள்.

அவ்விரதத்தின் அதிசாரங்களுள் ஒன்றான நியாசாபகாரமும் கருதத்தக்கது. அடைக்கலமாகப் பொருள் வைத்தவர் அளவை மறந்து குறைத்துக் கேட்கும்போது, 'ஆம், அவ்வளவே' எனக் கொடுத்தனுப்புதல் குற்றம் என உரையாசிரியர் விளக்குவர். பிறரின் மறதி நமக்கு ஊதியமாகலாகாது. திக்விரதத்தில் தான் வகுத்த எல்லையைத் தானே மறத்தலும் அதிசாரமாகவே எண்ணப்பட்டது.

ஈண்டு ஓர் எச்சரிக்கை. அநேகாந்தம் என்பதற்கு 'அவரவர் நினைவு அவரவர்க்கு மெய்' என்று பொருள் கொள்ளுதல் தவறு. நடந்தது நடந்ததே. அதனை நாம் ஒரு பக்கமிருந்து, திரையிட்ட அறிவால் கண்டோம் என்பதே கருத்து. முக்காலப் பொருளையும் நேரே அறியும் கேவலிக்கு நினைவு வேண்டுவதில்லை. மற்றையோராகிய நாம் எவரும் 'என் நினைவு பிழையாது' எனக் கூறும் நிலையில் இல்லை.

கடைப்பிடிக்கத் தக்கவை

1. பணம், நிலம், அடைக்கலப் பொருள் பற்றிய பேச்சுகளை அன்றே நாளிட்டு எழுதி, இரு சாராரும் கையொப்பமிடுக. இஃது அவநம்பிக்கை அன்று, உறவுக்குக் காப்பு.

2. கண்டது, கேட்டது, ஊகித்தது ஆகிய மூன்றையும் பிரித்துச் சொல்லப் பழகுக. 'எனக்கு நினைவுள்ள அளவில்' என்னும் சொல் வாய்மைக்கு அணிகலன்.

3. குழந்தைகளிடம் 'அவன்தானே அடித்தான்?' எனக் கேளாது, 'என்ன நடந்தது?' எனக் கேட்க. விடையை வினாவிற்குள் வைத்தல் ஆகாது.

4. பிணக்குத் தீர்க்கும் பெரியோர் இருதரப்பினரையும் சாட்சிகளையும் தனித்தனியே கேட்க. ஒருவர் கூற்றைக் கேட்ட பின் மற்றவர் நினைவு அதன் வழியே சாயும்.

5. தினமும் பிரதிக்கிரமணம் செய்க. அன்றன்று செய்த பிழையை அன்றே ஆலோசனை செய்தால், அதனைத் தமக்கு ஏற்றவாறு நினைவு திருத்தி எழுத இடமில்லை.

6. உடன்பிறந்தார் மாறுபடக் கூறும்போது, பொய்யர் என்னும் சொல்லை முதலில் எடாதிருப்போமாக. பத்திரத்தையும் குறிப்பையும் தேடுவோம். அவை கிடைக்காதபோது, வழக்கினும் உறவு பெரிது எனக் கொண்டு விட்டுக்கொடுப்போம்.

க்ஷமாவணி நாளில் அறிந்தும் அறியாமலும் செய்த பிழைகளைப் பொறுக்குமாறு ஒருவரையொருவர் வேண்டுகிறோம். அறியாமல் செய்தவற்றுள், தவறாக நினைவில் வைத்துப் பிறர்மேல் ஏற்றிய பழியும் ஒன்று என்பதை எண்ணி அவ்வேண்டுதலைச் செய்வோமாக.

வாழ்க வாய்மை! வளர்க ஜினதருமம்!