கால்போஸ்கோப் காட்டும் கோலங்கள்

அரிசிக் கஞ்சியில் ஒரு சொட்டு அயோடின் கரைசலை விட்டால் அது கருநீலமாக மாறும் என்பது உங்களுக்குத் தெரியும். மாவுப்பொருளைக் கண்டறிய ஆய்வுக்கூடத்தில் செய்யும் சோதனைதான் இது. நம் உடலில் மாவுப்பொருளுக்குப் பதிலாகக் கிளைக்கோஜன் என்னும் பொருள் சேமித்து வைக்கப்படுகிறது. அதன்மீது அயோடின் பட்டால் நீலம் வருவதில்லை. செம்பழுப்பு நிறம் வரும். இந்தச் சிறிய வேதியியல் செய்தியும், ஊறுகாய்க்கு ஊற்றும் வினிகரும் சேர்ந்து ஒரு கொடிய நோயை அது முற்றுவதற்குப் பல ஆண்டுகள் முன்பே காட்டிக்கொடுக்கின்றன என்றால் வியப்பாக இல்லையா?

அந்த நோய் கருப்பை வாய்ப் புற்றுநோய். 2022ஆம் ஆண்டில் மட்டும் உலகில் சுமார் 6,60,000 பெண்களுக்கு இது புதிதாகத் தோன்றியது. சுமார் 3,50,000 பேர் இறந்தனர். பெரும்பாலும் இதற்குக் காரணம் பாப்பிலோமா வைரஸ் என்னும் நுண்கிருமி. இதைக் காட்டியதற்காக ஜெர்மானிய அறிஞர் ஹரால்ட் ஸுர் ஹவுஸன் 2008இல் நோபல் பரிசில் பங்கு பெற்றார். வைரஸ் தொற்றிய உடனே புற்றுநோய் வந்துவிடாது. பலருக்குத் தொற்று தானே மறைந்துவிடும். மறையாத சிலருக்கு மட்டும் செல்கள் படிப்படியாக ஒழுங்கு கெட்டு வளரும். இதற்குப் பொதுவாகப் பத்து ஆண்டுகளுக்கு மேல் ஆகும். இந்த நீண்ட இடைவெளிதான் மருத்துவருக்குக் கிடைத்த வாய்ப்பு. ஆனால் அந்தக் காலத்தில் வலி இருக்காது. வெறுங்கண்ணுக்கு ஒன்றும் தெரியாது.

ஜெர்மனியில் ஹான்ஸ் ஹின்செல்மான் என்ற மருத்துவர் 1925இல் இதற்காகவே ஒரு கருவியை அமைத்தார். அதுதான் கால்போஸ்கோப். இரு கண்களாலும் பார்க்கக்கூடிய உருப்பெருக்கிதான் அது. வலுவான விளக்கு ஒன்றும் அதில் பொருத்தப்பட்டிருக்கும். உடலைத் தொடாமல் சுமார் 30 சென்டிமீட்டர் தள்ளி நின்று பார்க்கும். 6 முதல் 40 மடங்கு வரை பெரிதாக்கும். புற்றுநோய் மிகச் சிறிய கட்டியாகத் தொடங்கும், பெரிதாக்கிப் பார்த்தால் அந்தக் கட்டி தெரியும் என்று ஹின்செல்மான் எதிர்பார்த்தார். கட்டி தென்படவில்லை; வெள்ளைத் திட்டுகளும் விசித்திரமான இரத்தக்குழாய்க் கோலங்களும்தான் தென்பட்டன. தேடியது ஒன்று, கிடைத்தது வேறொன்று.

இவரைப் பற்றிய இருண்ட செய்தியையும் மறைக்கக் கூடாது. நாஜி ஆட்சியில் ஆஷ்விட்ஸ் வதைமுகாமின் பெண் கைதிகள்மீது, அவர்கள் சம்மதமின்றி, இக்கருவியைக் கொண்டு சோதனைகள் நடந்தன. அவற்றில் ஹின்செல்மானுக்கும் தொடர்பு இருந்தது. ரோமா இனப் பெண்களுக்குக் கட்டாயக் கருத்தடை செய்த குற்றத்துக்காக அவர் 1946இல் தண்டிக்கப்பட்டார். கருவி நல்லது என்பதால் அதைச் செய்தவரின் கை தூய்மையாகிவிடாது.

சரி, கருவி வழியே பார்ப்போம். கருப்பை வாயின் வெளிப்பகுதியை மூடியிருப்பது தட்டைச் செல்கள் பல அடுக்குகளாக அமைந்த எபிதீலியம். அதன் அடியிலுள்ள இரத்தத்தின் சிவப்பு இத்தனை அடுக்குகளைக் கடந்து வருவதால் வெளிறிய இளஞ்சிவப்பாகத் தெரிகிறது. உட்குழாயை மூடியிருப்பதோ தூண் வடிவச் செல்களின் ஒரே அடுக்கு. மெல்லிய துணிக்குப் பின்னால் விளக்கு வைத்தாற்போல அங்கே சிவப்பு பளிச்செனத் தெரியும். ஒரு காலத்தில் மருத்துவர்கள் இந்தச் சிவப்பைப் புண் என்றே எண்ணினார்கள். அது புண்ணன்று, மெல்லிய திசு, அவ்வளவுதான்.

பருவம் எய்தும்போது தூண் செல்களில் ஒரு பகுதி வெளிப்புறமாக நகர்கிறது. அங்குள்ள அமிலச் சூழலில் அவை மெல்ல மெல்லத் தட்டைச் செல்களுக்கு இடம் கொடுக்கின்றன. இந்த மாற்றம் நடக்கும் வளையத்துக்கு உருமாறு மண்டலம் என்று பெயர். புற்றுநோய் பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகிறது. எனவே மருத்துவர் முதலில் கேட்டுக்கொள்ளும் கேள்வி, “இந்த வளையம் முழுவதும் எனக்குத் தெரிகிறதா?” என்பதே. ஒரு பகுதி உட்குழாய்க்குள் மறைந்திருந்தால், கண்ணில் பட்டது எவ்வளவு சுத்தமாக இருந்தாலும் நோய் இல்லை என்று சொல்ல முடியாது.

அடுத்து 3 முதல் 5 சதவீத அசெட்டிக் அமிலத்தைப் பஞ்சில் நனைத்துத் தடவுவார்கள். வினிகரின் புளிப்பும் இதே அமிலம்தான். ஒரு நிமிடத்துக்குள் சில இடங்கள் வெளுக்கத் தொடங்கும். ஏன்? முட்டையின் வெள்ளைக்கருவை நினைத்துப் பாருங்கள். பச்சையாக இருக்கும்போது ஒளி அதனூடே செல்கிறது. வெந்ததும் புரதம் உறைந்து, ஒளியைச் சிதறடித்து, வெள்ளையாகிறது. அமிலமும் செல்லின் புரதங்களைச் சற்று நேரம் உறையச் செய்கிறது. ஒழுங்கு கெட்ட செல்களில் உட்கரு பெரிது. செல்களும் நெருக்கமாக இருக்கும். ஆகவே அங்கே புரதமும் அதிகம், வெண்மையும் அதிகம். முட்டை வெந்தது வெந்ததுதான். இந்த வெண்மையோ சில நிமிடங்களில் கலைந்துவிடும்.

இங்கேதான் கண்ணுக்குப் பயிற்சி வேண்டும். வெளுத்ததெல்லாம் நோயன்று. உருமாறிக்கொண்டிருக்கும் நல்ல திசுவும் அமிலம் பட்டால் லேசாக வெளுக்கும். லேசான கோளாறில் வெண்மை மெல்லியதாக, தாமதமாகத் தோன்றி விரைவில் மறையும். ஓரங்கள் இறகுபோலப் பிசிறியிருக்கும். கடுமையான கோளாறில் வெண்மை விரைவாக வந்து, சுண்ணாம்பு பூசியதுபோல அடர்ந்து, நெடுநேரம் நிற்கும். ஓரம் கோடு கிழித்தாற்போலத் தெளிவாக இருக்கும். ஆகவே நிறத்தை மட்டும் பார்த்தால் போதாது, கடிகாரத்தையும் கவனிக்க வேண்டும். அமிலம் படுமுன்பே வெள்ளையாக இருக்கும் திட்டு வேறு வகை. அதன் மேற்பரப்பில் கெராட்டின் படிந்திருக்கும்.

வெண்மைக்குள் இரத்தக்குழாய்கள் இடும் கோலம் அடுத்த தடயம். ஒழுங்கு கெட்ட செல்கள் கட்டிகட்டியாக வளர்ந்து தந்துகிகளை நெருக்குகின்றன. மேல்நோக்கி எழும் தந்துகி வளைவின் நுனியை நாம் நேர் எதிரே பார்க்கும்போது அது சிவப்புப் புள்ளியாகத் தெரியும். பல நுனிகள் சேர்ந்தால் புள்ளிக் கோலம். தந்துகிகள் செல் கட்டிகளைச் சுற்றிப் படுத்து ஓடினால், தரையில் பதித்த ஓடுகளைப் போல் வெள்ளைக் கட்டமும் சிவப்புக் கோடுமாகத் தெரியும். புள்ளிகள் நுண்ணியவையாகவும் நெருக்கமாகவும் இருந்தால் கவலை குறைவு. தடித்து, இடைவெளி கூடி, ஒன்றுக்கொன்று ஒழுங்கில்லாமல் இருந்தால் கவலை அதிகம். மரக்கிளைபோலப் பிரிந்து பிரிந்து மெலியும் குழாய் பெரும்பாலும் தீங்கற்றது. மெலியாமல் திடீரென வளைந்து, காற்புள்ளி போலவும் திருகாணி போலவும் கிடக்கும் குழாயைக் கண்டால், புற்றுநோய் ஆழமாக இறங்கிவிட்டதோ என்று ஐயப்பட வேண்டும்.

குழாய்களைத் தெளிவாகக் காண ஒரு பச்சைக் கண்ணாடியை ஒளிக்குக் குறுக்கே தள்ளுவார்கள். இரத்தத்தின் ஹீமோகுளோபின் பச்சை ஒளியை உறிஞ்சிக்கொள்வதால் குழாய்கள் கறுத்துத் தெரியும். இயற்பியல் வகுப்பில் படித்த ஒளி வடிப்பான் இங்கே பயன்படுவதைப் பாருங்கள்.

கடைசியாக அயோடின். வியன்னாவில் வால்டர் ஷில்லர் என்பவர் புகுத்திய சோதனை இது. முதிர்ந்த நல்ல தட்டைச் செல்களில் கிளைக்கோஜன் நிறைந்திருக்கும், அவை செம்பழுப்பாகும். அவசர அவசரமாகப் பெருகும் செல்கள் முதிர்வதுமில்லை, கிளைக்கோஜனைச் சேமிப்பதுமில்லை. அங்கே நிறம் ஏறாமல் கடுகு மஞ்சளாக நிற்கும். தூண் செல்களிலும் நிறம் ஏறாது என்பதால் இச்சோதனையை மட்டும் நம்பக் கூடாது.

இத்தனையும் பார்த்தபின் மருத்துவர் சொல்வது ஊகமே. இரண்டு தேர்ந்த மருத்துவர்கள் ஒரே திட்டைப் பார்த்து வேறு வேறு மதிப்பிடுவதும் உண்டு. எனவே ஐயத்துக்கிடமான இடத்திலிருந்து சிறு துணுக்கைக் கிள்ளி எடுத்து நோய்க்குறியியல் வல்லுநருக்கு அனுப்புகிறார்கள். கால்போஸ்கோப்பின் முதன்மையான வேலை, எங்கே கிள்ள வேண்டும் என்று காட்டுவதுதான்.

எல்லா ஊரிலும் இக்கருவி இருக்குமா? இராது. கருவி இல்லாமலேயே அமிலத்தைத் தடவி வெறுங்கண்ணால் வெண்மையைத் தேடும் முறை ஒன்று உண்டு. திண்டுக்கல் மாவட்டக் கிராமங்களில் 30 முதல் 59 வயது வரையுள்ள பெண்களிடம் 2000ஆம் ஆண்டு முதல் இது பெரிய அளவில் சோதிக்கப்பட்டது. முடிவுகள் 2007இல் ‘லான்செட்’ இதழில் வந்தன. சோதனை நடக்காத கிராமங்களோடு ஒப்பிட்டபோது, நடந்த கிராமங்களில் புதிய நோயாளிகள் 25 சதவீதமும், இந்நோயால் இறந்தவர்கள் 35 சதவீதமும் குறைவாக இருந்தனர். அமிலத்தைத் தடவிப் பார்த்தவர்கள் பயிற்சி பெற்ற செவிலியர்கள். வெண்மை தென்பட்ட பெண்களைக் கால்போஸ்கோப்பில் பார்த்ததும், துணுக்கு எடுத்ததும், தேவையானபோது அதே வருகையிலேயே அந்த இடத்தைக் கடுங்குளிரால் உறைய வைத்து அழித்ததும் அந்தச் செவிலியர்களே.