பெயரும் நிழலும்
அர்சுலா லெ குவினின் இளையோர் புனைகதைப் பணி

முன்னுரை

இளையோர்க்கென எழுதப்படும் கதைகள் இலக்கிய ஆய்வுக்கு உரியன அல்ல என்னும் எண்ணம் கற்றோரிடையே நெடுங்காலமாக நிலவி வருகிறது. அவற்றுள்ளும் மந்திரவாதி, பறவைநாகம், வேற்றுக்கோள் என வரும் கதைகளைப் பொழுதுபோக்கு என்று ஒதுக்கிவிடுவோரே மிகுதி. இவ்வெண்ணம் எத்துணைப் பிழையானது என்பதை அமெரிக்க எழுத்தாளர் அர்சுலா லெ குவினின் எழுத்து வாழ்க்கை நமக்கு உணர்த்துகிறது. தாம் எழுதிய நூலைத் தாமே மீண்டும் எடுத்துக் குறை கண்டு, அக்குறையை அடுத்த நூலால் திருத்த முனைந்தவர் அவர். அச்செயலே இக்கட்டுரையின் நடுப்பொருளாகும்.

பிறந்த வீடு

லெ குவின் 1929ஆம் ஆண்டு அக்டோபர் 21ஆம் நாள் கலிபோர்னியா மாநிலத்துப் பெர்க்லி நகரில் பிறந்தார். தந்தை ஆல்ஃபிரட் குரோபர் புகழ்பெற்ற மானிடவியல் அறிஞர். கலிபோர்னியப் பூர்வகுடியினரின் மொழிகளையும் கதைகளையும் திரட்டியவர். தாய் தியோடோரா குரோபரும் எழுத்தாளரே. 

இக்குடும்பத்தின் வரலாற்றில் ஒரு நிகழ்ச்சி தனித்து நோக்கத்தக்கது. 1911ஆம் ஆண்டில் யாகி என்னும் பூர்வகுடியின் கடைசி மனிதர் ஒருவர் பசியால் மெலிந்து ஓரோவில் என்னும் ஊரருகே வந்து சேர்ந்தார். அவருடைய உற்றார் அனைவரும் அழிந்துபோயிருந்தனர். அவரைச் சான்பிரான்சிஸ்கோ அருங்காட்சியகத்தில் தங்கவைத்து அவர்தம் மொழியைப் பதிவு செய்தவர்களுள் குரோபரும் ஒருவர். தம் பெயரைத் தாமே சொல்லுதல் அம்மக்களின் மரபன்று; அவரும் இறுதிவரை தம் பெயரைச் சொல்லவில்லை. ஆகவே அவர்தம் மொழியில் 'மனிதன்' எனப் பொருள்படும் 'இஷி' என்னும் சொல்லையே குரோபர் அவருக்குப் பெயராக்கினார். இஷி 1916ஆம் ஆண்டு காசநோயால் மறைந்தார். அர்சுலா அவரைக் கண்டதில்லை. எனினும் அவருடைய வரலாற்றைத் தாய் தியோடோரா 1961இல் நூலாக எழுதினார். அதனையே இளையோர்க்கேற்ற வடிவில் 1964இல் மீண்டும் எழுதினார். இவ்விரண்டாம் நூலை வெளியிட்டது பெர்க்லியிலிருந்த பர்னாசஸ் என்னும் சிறு பதிப்பகம். படம் வரைந்தவர் ரூத் ராபின்ஸ். இவ்விரு பெயர்களையும் மாணவர்கள் நினைவிற் கொள்க.

காத்திருந்த ஆண்டுகள்

பதினோராம் வயதில் அறிவியல் புனைகதை இதழொன்றுக்குக் கதை அனுப்பித் திரும்பப் பெற்றவர் அர்சுலா. ராட்கிளிஃப் கல்லூரியிலும் கொலம்பியாப் பல்கலைக்கழகத்திலும் பிரெஞ்சு, இத்தாலிய இலக்கியங்களைப் பயின்றார். 1953இல் ஆய்வுக்காகப் பிரான்சு நாட்டுக்குக் கப்பலேறியபோது வரலாற்று மாணவரான சார்லஸ் லெ குவினைச் சந்தித்து, அவ்வாண்டே பாரிசில் மணந்து கொண்டார். முனைவர் பட்ட ஆய்வு கைவிடப்பட்டது. பின்னர் ஆரிகன் மாநிலத்துப் போர்ட்லாந்து நகரில் குடியேறி, மூன்று மக்களை வளர்த்துக்கொண்டே எழுதினார். 1950களில் எழுதிய நாவல்களைப் பதிப்பாளர்கள் ஏற்கவில்லை. இது எந்த வகையைச் சேர்ந்தது என்று விளங்காமையே அவர்களுடைய தயக்கத்துக்குக் காரணம் எனலாம். 1962இல் மாயப்புனைவு இதழொன்று அவருடைய சிறுகதையை ஏற்றுப் பணம் கொடுத்தது. இலக்கிய உலகம் அடைத்த கதவை, மலிவுத்தாள் இதழே திறந்துவிட்டது என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

எர்த்சீ பிறந்த கதை

1967இல் பர்னாசஸ் பதிப்பகத்தார் அவரை அணுகி, வளரிளம் பருவத்தினர்க்கு ஒரு நூல் எழுதித் தருமாறு வேண்டினர். பொருளும் போக்கும் அவர் விருப்பத்துக்கே விடப்பட்டன. இளையோர்க்கு எழுதிப் பழக்கமில்லையே என்று முதலில் தயங்கியவர், பின்னர் ஒரு வினாவைத் தமக்குத்தாமே எழுப்பிக்கொண்டார். கதைகளில் வரும் மந்திரவாதிகள் எல்லாரும் வெண்தாடிக் கிழவர்களாகவே இருக்கின்றனரே. தாடி முளைக்கும் முன் அவர்கள் யாராக இருந்தனர்? அக்கலையை எங்கே, யாரிடம் கற்றனர்? இவ்வினாவிலிருந்தே ரோக் தீவின் மந்திரப் பள்ளி எழுந்தது. மந்திரம் கற்பிக்கும் பள்ளிக் கதைகள் உலகெங்கும் விற்றுத் தீர்ந்த காலத்துக்கு ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் முந்தியது இது. 

எண்ணற்ற தீவுகள் கொண்ட கடலுலகின் வரைபடத்தை முதலில் வரைந்துகொண்டு, 'எர்த்சீயின் மந்திரவாதி' என்னும் நாவலை எழுதினார். 1968இல் அது ரூத் ராபின்சின் படங்களுடன் வெளிவந்தது. தாயின் இஷி நூலைத் தாங்கிய அதே பதிப்பகம், அதே ஓவியர்.

கதைத் தலைவன் கெட், கோண்ட் தீவின் ஆட்டிடையச் சிறுவன். இயற்கையாற்றல் மிக்கவன், அதனினும் மிக்கது அவன் செருக்கு. ஓகியான் என்னும் பொறுமைமிக்க ஆசானை விட்டு ரோக் பள்ளிக்குச் செல்கிறான். அங்கே சக மாணவனிடம் தன் வல்லமையைக் காட்ட வேண்டி இறந்தோரை அழைக்கிறான். திறந்த வழியே ஒரு நிழல் வெளிப்பட்டு அவன் முகத்தைக் கிழிக்கிறது. அவ்வழியை அடைக்க முயன்ற தலைமை ஆசான் உயிர் துறக்கிறார். அதன்பின் கெட் அந்நிழலுக்கு அஞ்சித் தீவு தீவாக ஓடுகிறான். ஓடுவதை விடுத்து அதனைத் துரத்துமாறு ஓகியான் அறிவுறுத்த, உலகின் விளிம்பில் அதனை எதிர்கொண்டு, அதற்குரிய பெயரைச் சொல்லி அழைக்கிறான். அப்பெயர் அவனுடைய சொந்தப் பெயரே. வாள்வீச்சு இல்லை, வீழ்ந்த பகைவனும் இல்லை. இளைஞர்க்கு எழுதிய வீரக்கதை ஒன்று இவ்வாறு முடிவது அந்நாளில் புதுமை.

இவ்வுலகில் மந்திரம் என்பது பொருள்களின் மெய்ப்பெயரை அறிதலே. ஒருவர்தம் மெய்ப்பெயரை அறிந்தவர் அவர்மீது ஆட்சி பெறுவர். ஆதலால் அதனை எவரும் எளிதில் வெளியிடார். கெட் தன் பிழையால் எல்லாராலும் ஒதுக்கப்பட்டிருந்த வேளையில், தோழன் ஒருவன் தன் மெய்ப்பெயரை அவனிடம் நம்பிக்கையுடன் சொல்லும் காட்சி இந்நூலின் உயிர்நிலை என்பேன். இதனைப் படிக்குந்தோறும் பெயர் சொல்லாமலே மறைந்த இஷியை நினையாதிருக்க இயலவில்லை. ஒன்றன் விளைவு மற்றொன்று என்று அறுதியிட்டு உரைப்பது என் நோக்கமன்று.

மற்றொன்றையும் குறிக்க வேண்டும். கெட் செம்பழுப்பு நிறத்தவன். அவன் தோழன் கருநிறத்தவன். கொள்ளையிட வரும் கார்க் மக்களே வெண்ணிறத்தவர். வாசகர் கதையோடு ஒன்றிய பின்னரே இது புலப்படுமாறு அவர் திட்டமிட்டு எழுதினார். ஆயினும் பிற்காலப் பதிப்புகள் பலவற்றின் அட்டைகளில் கெட் வெள்ளையனாகவே வரையப்பட்டான். 2004இல் வெளியான தொலைக்காட்சித் தொடரிலும் வெள்ளை நடிகரே கெட் ஆனார். லெ குவின் வெளிப்படையாக எழுதித் தம் எதிர்ப்பைப் பதிவு செய்தார்.

தம் நூலையே வினவுதல்

'அதுவானின் கல்லறைகள்' 1971இலும், 'தொலைக்கரை' 1972இலும் தொடர்ந்தன. முன்னதில் ஐந்து வயதுச் சிறுமி தெனார் இருட்கோவிலுக்குப் பூசாரிணியாக்கப்பட்டுத் தன் பெயரையே இழக்கிறாள். கெட் அதனை அவளுக்கு மீட்டுத் தருகிறான். பின்னதற்கு 1973இல் அமெரிக்கத் தேசிய நூல் விருது கிடைத்தது. இடைப்பட்ட காலத்தில் 'இருளின் இடக்கை' (1969), 'உடைமை நீத்தோர்' (1974) ஆகிய அறிவியல் நாவல்கள் அவருக்குப் பெரும்புகழ் தேடித்தந்தன.

இத்துணைப் புகழுக்குப் பின் அவரே தம் முதல் மூன்று நூல்களில் ஒரு பெருங்குறை கண்டார். ரோக் பள்ளியில் பெண்களுக்கு இடமில்லை; சிற்றூர்ச் சூனியக்காரியின் கலை இழிவாகவே பேசப்படுகிறது. ஆண்களின் வீரக்கதை மரபை ஆராயாது ஏற்றதன் விளைவு இது என்று அவர் உணர்ந்தார். பழைய நூலைத் திருத்தி அச்சிட்டுக் குறையை மறைத்திருக்கலாம். அவ்வாறு செய்யவில்லை. பதினெட்டு ஆண்டுகள் கழித்து 1990இல் 'தெஹானு' என்னும் நான்காம் நூலை எழுதினார். அதில் கெட் ஆற்றல் முழுதும் இழந்தவன். தெனார் நடுவயதுக் கைம்பெண். அவள் வளர்ப்பதோ தீயில் தள்ளப்பட்டு உருக்குலைந்த குழந்தை. பாத்திரம் கழுவுதலும் ஆடு கறத்தலும் கதைப்பொருள் ஆகின்றன. பழைய வாசகர் பலர் வருந்தினர். தம் இளமைக்கால வீரனைப் பறித்துவிட்டதாகக் குறைபட்டனர். அவர்தம் வருத்தம் இயல்பே. எனக்கும் முதல் வாசிப்பில் இந்நூல் இனிக்கவில்லை. மறுவாசிப்பிலேயே முதல் நூலின் நிழல் இதில் பெயர் பெறுவதைக் கண்டேன்.

இப்பண்பு அவரிடம் தற்செயலாக வந்ததன்று. 'இருளின் இடக்கை'யில் ஆண் பெண் வேறுபாடற்ற மக்களுக்கு ஆண்பாற் சுட்டையே பயன்படுத்தியதை 1976இல் ஒரு கட்டுரையில் ஆதரித்தார். 1987இல் அதே கட்டுரையை மறுபடி வெளியிட்டபோது, பழைய வாசகங்களை அப்படியே விட்டு, அவற்றின் அருகிலேயே தம் மறுப்பையும் எழுதினார். ஆய்வு மாணவர்க்கு இதைவிடச் சிறந்த பாடநூல் வேண்டுமோ?

இறுதிக்கால நூல்கள்

எழுபத்தைந்து வயதை நெருங்கிய வேளையில் இளையோர்க்கென 'மேலைக்கரை வரலாறு' என்னும் முந்நூல் வரிசையைத் தொடங்கினார். இரண்டாம் நூலாகிய 'குரல்கள்' (2006) நம் வாசகர் கவனத்துக்கு உரியது. பாலைநில மக்களாகிய ஆல்டுகள் அன்சூல் நகரைக் கைப்பற்றி, எழுத்தைத் தீயசக்தி எனக் கருதி நூல்களை அழிக்கின்றனர். மறைந்திருக்கும் நூலகம் ஒன்றில் மேமர் என்னும் பெண் படிக்கக் கற்கிறாள். ஒரே கடவுளை வணங்கும் பாலைநில மக்களை நூற்பகைவராகப் படைத்தது மேற்கத்தியப் புனைவின் பழகிய தடம் என்றும், தடங்களை ஐயுறும் இவ்வாசிரியர் இங்கே போதிய விழிப்புடன் இல்லை என்றும் ஒருவர் குறை கூறினால் மறுப்பது எளிதன்று. பாக்தாத், கோர்டோபா நூலகங்களின் வரலாற்றை அறிந்தோர்க்கு இது உறுத்தவே செய்யும். ஆனால் மேமரே ஆல்டு குருதி கலந்தவள். ஆல்டுகளின் தலைவர் வாய்மொழிக் கவிதையில் தோய்ந்தவர். சிக்கல் படுகொலையால் அன்றிப் பேச்சுவார்த்தையால் தீர்கிறது. இவற்றையும் சேர்த்தே எடைபோட வேண்டும்.

2014இல் வாழ்நாள் பணிக்கான தேசிய நூல் நிறுவனப் பதக்கத்தை ஏற்றபோது, நூலை வெறும் விற்பனைச் சரக்காக்கும் போக்கினைப் பதிப்பாளர்கள் முன்னிலையிலேயே கடிந்துரைத்தார். 2018ஆம் ஆண்டு சனவரி 22ஆம் நாள், 88ஆம் வயதில் போர்ட்லாந்தில் காலமானார். எர்த்சீ வரிசை முழுவதும் ஒரே தொகுப்பாக அவ்வாண்டே வெளிவந்தது. அதன் ஓவியர் சார்லஸ் வெஸ் ஆண்டுக்கணக்கில் அவரோடு கலந்து பேசி வரைந்த படங்களில் கெட் பழுப்பு நிறத்தவனாகவே காணப்படுகிறான். அவர் மறைவுக்குப் பின் அச்சேறிய கடைசி எர்த்சீக் கதையில், முதியவனான கெட் கோண்ட் தீவின் சிறு வீட்டில் படுத்திருக்கிறான். தெனார் அருகில் இருக்கிறாள். அடுப்பில் நெருப்பு எரிந்துகொண்டிருக்கிறது.