குஷிரோச் சதுப்பில் ஒரு நாள்

ஆசியக் கண்டத்தின் கிழக்கே, பசிபிக் பெருங்கடலில், வளைந்த வில்லைப் போலக் கிடக்கும் தீவுக் கூட்டமே ஜப்பான். அந்நாட்டின் பெயரைக் கேட்டவுடன் வானளாவிய மாடங்களும், விரைந்தோடும் இரயில்களும், ஓயாது இயங்கும் ஆலைகளுமே பலர் நினைவிற்கு வரும். ஆயினும், நகரங்களின் ஆரவாரத்திற்கு அப்பால் மலையும் காடும் நீர்நிலையும் நிறைந்த நாட்டுப்புறமும் அங்கு உண்டு. அதன் எழிலைக் கண்டு மகிழ விழைவோர்க்கு, ஜப்பானின் பெருந்தீவுகள் நான்கனுள் வடகோடியில் அமைந்த ஹொக்கைடோ மிகவும் ஏற்ற இடமாகும்.

ஹொக்கைடோவின் கிழக்குப் பகுதியில் கடலை ஒட்டிக் குஷிரோ என்னும் துறைமுக நகரம் இருக்கின்றது. அந்நகருக்கு வடக்கே பரந்து கிடப்பது குஷிரோச் சதுப்பு நிலம். ஜப்பானின் சதுப்பு நிலங்களுள் இதுவே மிகப் பெரியது. ஏறத்தாழ 6,000 ஆண்டுகளுக்கு முன் இவ்விடம் கடல் உட்புகுந்த விரிகுடாவாக இருந்தது. கடல் மெல்லப் பின்வாங்கிற்று. ஆறுகள் கொணர்ந்த மண்ணும், முற்றும் மக்காத செடிகொடிகளும் அடுக்கடுக்காய்ப் படிந்தன. காலப்போக்கில் நாணலும் கோரையும் செழித்து வளரும் ஈரநிலமாக அது மாறிற்று. ஈரநிலங்களைக் காத்தற்பொருட்டு உலக நாடுகள் செய்துகொண்ட ராம்சார் உடன்படிக்கையின்படி, ஜப்பான் 1980ஆம் ஆண்டில் முதன்முதலாகப் பதிவு செய்த இடம் இதுவே. 1987ஆம் ஆண்டில் இது தேசியப் பூங்காவாகவும் அறிவிக்கப்பெற்றது.

இச்சதுப்பினையும் அதனைச் சூழ்ந்த நாட்டுப்புறத்தையும் ஒரே நாளில் சுற்றிப் பார்த்து வருதல் இயலும். இடமும் காலமும் அறிந்த வழிகாட்டி ஒருவர் பயணிகளைச் சிறு வண்டியில் ஏற்றிக்கொண்டு குஷிரோவிலிருந்து புறப்படுவார். குளிர்காலமே இப்பயணத்திற்குச் சிறந்தது. கொடும்பனி பெய்யும் காலத்தில் பயணம் செய்வானேன் என்று ஐயுறலாம். சதுப்பின் பல பகுதிகளிலும் சிதறி வாழும் பறவைகள், குளிர்காலத்தில்தான் ஓரிடத்தில் வந்து கூடுகின்றன. ஆதலின், பிப்ரவரித் திங்களில் பொழுது விடியுமுன்பே பயணிகள் கம்பளி உடைகளைப் போர்த்துக்கொண்டு வண்டியில் ஏறிவிடுவர்.

ஒரு மணி நேரத்திற்குள் வண்டி சுருயி என்னும் சிற்றூரை அடையும். ஜப்பானிய மொழியில் 'சுரு' என்பது கொக்கைக் குறிக்கும் சொல். கொக்குகள் இருக்கும் இடம் என்பதே அவ்வூர்ப் பெயரின் பொருள். அங்கே செத்சுரி ஆற்றின் குறுக்கே ஓத்தோவா என்னும் பாலம் உள்ளது. பாலத்தின் மீது நின்று, ஆரவாரம் செய்யாமல் ஆற்றை நோக்குமாறு வழிகாட்டி பயணிகளுக்குக் கூறுவார்.

கிழக்கு வெளுக்கும். காற்றின் குளிர் நீர் உறையும் நிலைக்குப் பத்துப் பாகைக்கும் கீழே இறங்கியிருக்கும். ஊற்று நீர் கலந்து ஓடுவதால் ஆறு மட்டும் உறைவதில்லை. காற்றைவிட நீர் வெதுவெதுப்பாக இருத்தலின், ஆற்றிலிருந்து வெண்புகை போல் ஆவி எழும். அவ்வாவி கரையோர மரங்களில் படிந்து, கிளைதோறும் வெள்ளிப் பூக்களாய் உறைந்து நிற்கும். ஆறரை மணியளவில் கதிரவன் தோன்றியதும் அப்பூக்கள் யாவும் பொன்னிறம் பெறும். அந்த ஒளியில், ஆற்றின் நடுவே ஆழமற்ற நீரில் நெருங்கி நிற்கும் நெடிய உருவங்கள் ஒவ்வொன்றாய்ப் புலப்படும். அவைதாம் செம்முடிக் கொக்குகள்.

இக்கொக்கு தமிழ்நாட்டு வயல்களில் காணப்பெறும் சிறிய வெண்கொக்கு அன்று. வட இந்தியாவில் வாழும் சாரசக் கொக்கின் உறவினம். நின்றால் ஐந்தடி உயரம் இருக்கும். உடல் பனியைப் போல் வெண்மையானது, கழுத்துக் கறுத்திருக்கும். சிறகுகளை மடக்கி நிற்கும்போது பின்புறம் கருமையாகத் தோன்றுவது வாலன்று. அது சிறகின் உட்புற இறகுகளே. உச்சந்தலையில் விளங்கும் செம்மையும் இறகினால் ஆயதன்று. இறகற்ற தோலின் நிறமே அது. இரவு முழுவதும் இப்பறவைகள் நீரில் நின்றே உறங்குகின்றன. நரி முதலிய பகைகள் நீரைக் கடந்து ஓசையின்றி நெருங்க இயலாது; உறைபனிக் காற்றைவிட ஓடும் நீரே கால்களுக்கு இதமானது. பாதுகாப்பும் வெதுவெதுப்பும் ஓரிடத்தில் கிட்டுமாறு அவை தேர்ந்துகொண்ட பள்ளியறை அது.

வெயில் ஏறியதும் கொக்குகள் இரண்டு மூன்றாய்ப் பறந்து, சிற்றூரின் பனி மூடிய வயல்களுக்குச் செல்லும். பயணிகளும் அவற்றைத் தொடர்ந்து செல்வர். ஜப்பான் காட்டுப் பறவைகள் சங்கம் 1987ஆம் ஆண்டில் நிறுவிய காப்பகம் அங்கு உள்ளது. வேலிக்கு இப்பால் நின்று, வயலில் நிகழும் காட்சிகளைக் காணலாம். ஆண்பறவை கழுத்தை நிமிர்த்தி ஒரு குரல் கொடுக்கும். பெண்பறவை உடனே இரு குரலால் விடை கூறும். இரண்டு குரலும் ஒன்றே போல் ஒலிக்கும். பின்னர் அவை ஒன்றையொன்று வணங்குவன போல் தலை தாழ்த்தும், சிறகு விரித்துத் துள்ளும், சுழன்று ஆடும். சென்ற ஆண்டு பொரித்த இளம்பறவை, கபில நிறம் மாறாத கழுத்துடன் பெற்றோரின் அருகே நின்று, தானும் தத்தித் தத்தி ஆட முயலும்.

ஹொக்கைடோவின் பழங்குடிகளாகிய ஐனு மக்கள் இப்பறவையைச் 'சருருன் கமுய்', அஃதாவது சதுப்பு நிலத் தெய்வம், என்று போற்றினர். அதன் ஆட்டத்தைப் பார்த்துத் தாமும் ஆடினர். ஜப்பானியரோ கொக்கு ஆயிரம் ஆண்டு வாழும் என்று கூறி, அதனை நீண்ட ஆயுளின் அடையாளமாகக் கொண்டனர். மணமகளின் ஆடையில் அதன் உருவத்தைத் தீட்டினர். காகிதத்தை மடித்துக் கொக்கு செய்யப் பிள்ளைகளுக்குக் கற்பித்தனர்.

ஆனால், ஆயிரம் ஆண்டு வாழும் என்று புகழப்பெற்ற பறவை, சில பத்தாண்டுகளில் அழிவின் விளிம்பிற்குத் தள்ளப்பட்டது. பழைய ஆட்சிக் காலத்தில் கொக்கினை வேட்டையாடும் உரிமை ஆளுவோர்க்கு மட்டுமே உரியதாக இருந்தது. 1868ஆம் ஆண்டில் அவ்வாட்சி மாறியபின் கட்டுப்பாடு தளர்ந்தது. துப்பாக்கி ஏந்தியவர் அனைவரும் வேட்டைக்காரராயினர். ஹொக்கைடோவில் குடியேறியவர்கள் சதுப்புகளின் நீரை வடித்து விளைநிலமாக்கினர். கொல்லப்பட்டவை போக எஞ்சியவற்றுக்குக் கூடு கட்டவும் இடமில்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இக்கொக்கு ஜப்பானில் அற்றுப்போயிற்று என்றே அறிஞர் எண்ணினர். 1924ஆம் ஆண்டில் குஷிரோச் சதுப்பின் உட்பகுதியில் பத்துப் பதினைந்து பறவைகள் மட்டும் ஒளிந்து வாழ்வது கண்டறியப்பட்டது. 1935ஆம் ஆண்டில் அரசு அவற்றை இயற்கை நினைவுச் சின்னமாக அறிவித்துக் காவல் செய்தது. ஆயினும் அவற்றின் தொகை விரைந்து பெருகவில்லை.

பறவைகளைக் காப்பாற்றியவர்கள் எளிய உழவர்களே. 1950ஐ ஒட்டிய ஆண்டுகளில் குளிர் மிகக் கொடியதாக இருந்தது. ஓடைகளெல்லாம் உறைந்துபோகப் பசி தாங்காத கொக்குகள் வயலோரங்களுக்கு வந்தன. போர் முடிந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த காலம் அது. உழவர் வீட்டிலும் வளம் இல்லை. எனினும், அவர்கள் தம் களஞ்சியத்து மக்காச்சோளத்தை அள்ளிவந்து பனியின் மேல் தூவினர். அஞ்சி அஞ்சி நின்ற பறவைகள் நாளடைவில் நெருங்கி வந்து உண்டன. 1952ஆம் ஆண்டில் எடுத்த கணக்கில் இருந்த கொக்குகள் 33 மட்டுமே. பின்வந்த ஆண்டுகளில் பள்ளி மாணவரும் வயல்தோறும் நின்று கொக்குகளை எண்ணும் பணியில் உதவினர். அன்று 33ஆக இருந்த தொகை இன்று 1,500ஐயும் கடந்துவிட்டது.

இவ்வரலாற்றைக் கேட்டு மகிழும் பயணிகளை ஏற்றிக்கொண்டு வண்டி வடக்கு நோக்கிச் செல்லும். வழியில் காட்டோரத்து மான்கள் பனியைக் காலால் கிளறிப் புல் தேடும். செந்நிற நரி ஒன்று சாலையோரத்தில் தோன்றி மறையும். நண்பகலில் குச்சாரோ ஏரி கண்ணுக்குத் தெரியும். எரிமலை வெடித்துக் குழிந்த பெரும்பள்ளத்தில் நீர் தேங்கி அமைந்த ஏரி இது. குளிர்காலத்தில் இதன் நீர்ப்பரப்பு பனிக்கட்டியாய் உறையும். வெந்நீர் ஊற்றுக்கள் உள்ள கரையோரம் மட்டும் உறைவதில்லை. மணலைக் கையால் தோண்டினும் வெந்நீர் சுரக்கும். சைபீரியாவினின்று வரும் அன்னங்கள் அவ்வெதுவெதுப்பான நீரில் கூட்டங்கூட்டமாய் நீந்தும். கையில் உள்ள தின்பண்டத்தை அவற்றுக்கு இட வேண்டா என்று வழிகாட்டி பயணிகளைத் தடுப்பார்.

கொக்குகளுக்கு உணவிட்ட உழவரைப் போற்றியவர், அன்னங்களுக்கு உணவிடலாகாது என்பது என்ன முறை என்று பயணிகள் வினவுவது இயல்பே. அதற்குரிய விடை கொக்குகளின் இற்றைநாள் நிலையிலேயே உள்ளது.

ஆண்டுதோறும் உணவு கிடைத்ததால் கொக்குகள் பெருகின. பெருகிய பறவைகள் உணவிடும் சில இடங்களிலேயே குவிந்தன. மனிதரைக் கண்டு அஞ்சும் இயல்பும் குறைந்தது. சில பறவைகள் மாட்டுக் கொட்டில்களில் புகுந்து தீவனத்தை உண்ணலாயின. விதைத்த வயலில் முளைகளைக் கிளறலாயின. சாலையில் ஊர்திகளால் அடிபட்டு மாண்டனவும் உண்டு. இவற்றினும் பெரிய அச்சம் நோய். ஒரே இடத்தில் நெருங்கி வாழும் பறவைகளிடையே தொற்றுநோய் காட்டுத் தீயாய்ப் பரவும். தெற்கே கியூஷூத் தீவில் உள்ள இசுமி என்னும் ஊரில், வேறு இனக் கொக்குகள் பல்லாயிரம் குளிர்காலத்தில் கூடி, மக்கள் இடும் உணவை உண்டு வாழ்கின்றன. 2022ஆம் ஆண்டின் இறுதியில் தொடங்கிய பறவைக் காய்ச்சலால் அங்கு 1,000க்கும் மேற்பட்டவை மடிந்தன.

இவ்விடர்களை முன்னரே எண்ணிய ஜப்பான் அரசின் சுற்றுச்சூழல் அமைச்சகம், 2015ஆம் ஆண்டு முதல் குஷிரோப் பகுதியில் கொக்குகளுக்கு இடும் உணவைச் சிறிது சிறிதாகக் குறைக்கத் தொடங்கிற்று. பிள்ளைகளைப் போல் பேணி வளர்த்த பறவைகளின் உணவைக் குறைத்தல் எளிய செயலன்று. திடீரென நிறுத்தினால் பட்டினியால் வாடும். நிறுத்தாமலே இருந்தால் என்றேனும் ஒரு நாள் கூட்டத்தோடு அழிய நேரும். ஆகவே, குறைத்தலோடு நில்லாமல், அவை தாமே இரை தேடுதற்கு வழி செய்தலும் கடமையாயிற்று. காட்டுப் பறவைகள் சங்கத்தார் உறையாத ஓடைகளின் கரைகளில் மண்டிய புதர்களை அகற்றி, கொக்குகள் இறங்கி மீனும் புழுவும் தேடத்தக்க இடங்களை அமைத்துவருகின்றனர்.

மாலையில் வண்டி தெற்கே திரும்பி, சதுப்பின் கீழ்க்கரையில் உள்ள ஹொசோவோக்கா மேட்டை அடையும். அங்கிருந்து நோக்கின் சதுப்பு முழுவதும் கண்முன் விரியும். குச்சாரோ ஏரியில் பிறந்த குஷிரோ ஆறு, பழுப்பு நிற நாணற் காட்டினிடையே பாம்பு போல் வளைந்து வளைந்து செல்லும். ஒரு காலத்தில் வெள்ளத்தைத் தடுக்கவும் நிலத்தை உலர்த்தவும் கருதி, இவ்வாற்றின் வளைவுகள் சிலவற்றை வெட்டி நேராக்கினர். அதனால் சதுப்பில் வண்டல் மிகுதியாய்ப் படிந்து, நாணல் அழிந்து மரங்கள் தலையெடுத்தன. தவற்றை உணர்ந்தபின், கயனுமா என்னும் பகுதியில் ஆற்றை மீண்டும் பழைய வளைந்த வழியில் ஓடச் செய்யும் பணியை மேற்கொண்டு, 2011ஆம் ஆண்டில் முடித்தனர். சோளம் இடுவதைக் காட்டிலும் நிலையான அறம் இதுவே என்னலாம். நாணல் வளர்ந்தால் கூட்டிற்கு இடம் உண்டு. ஓடை தெளிந்தால் இரை உண்டு. இரை உண்டாயின் பிறர் கையை எதிர்நோக்க வேண்டுவதில்லை.

குளிர்காலத்துக் கதிரவன் நாலரை மணிக்கெல்லாம் மேற்கே சாய்வான். ஆற்று வளைவுகள் செந்நிறம் பூண்டு மின்னும். கொக்குகள் இணை இணையாய்க் குரல் கொடுத்துக்கொண்டு, தம் பள்ளியறையாகிய ஆற்றை நோக்கிப் பறக்கும்.

பசித்த உயிர்க்கு உணவளித்தல் பேரறம். அவ்வறமே 33 பறவைகளை அழிவினின்று மீட்டது. மீண்ட உயிர் தன் காலில் நிற்குமாறு விலகி நிற்றல் அதனினும் அரிய அறம். முன்னதற்கு இரக்கம் போதும்; பின்னதற்கு இரக்கத்தோடு அறிவும் பொறுமையும் வேண்டும். கொடுக்கும் காலத்தையும் விலகும் காலத்தையும் அறிந்து நடப்பதே உயிர்களிடத்துக் காட்டும் மெய்யன்பாகும்.