தொண்டையில் வெள்ளை: மிச்சக் குளிசை யாருக்கு?

"புள்ளைக்குத் தொண்டை நோவுது, வாயைத் தொறந்து பார்த்தா வெள்ளை வெள்ளையா இருக்கு" என்று தாய்மார் பதறுவதை நாம் அடிக்கடி கேட்கிறோம். உள்நாக்குக்கு இருபுறமும் உள்ள டொன்சில் சதையில் கிருமி புகுந்தால் அது சிவந்து வீங்கும். அதில் சேரும் சீழே அந்த வெள்ளை. விரலை விட்டு வழிக்க வேண்டாம், புண்தான் மிஞ்சும்.

தடிமன், இருமல், மூக்கொழுகலோடு வந்தால் அது பெரும்பாலும் வைரஸ். உப்புப் போட்ட இளஞ்சூட்டுத் தண்ணீரில் கொப்பளித்து, கொத்தமல்லித் தண்ணி குடித்து, காய்ச்சலுக்கு அளவாகப் பனடோல் கொடுத்தால் ஒரு வாரத்தில் ஆறிவிடும். இருமல் இல்லாமல் திடீரென்று கடுங்காய்ச்சல், விழுங்க முடியாத நோவு, கழுத்தில் நெறி கட்டுதல் என்றால் ஸ்ரெப்டோகொக்கஸ் என்ற கிருமியாக இருக்கலாம். 5 முதல் 15 வயதுப் பிள்ளைகளுக்கே இது அதிகம். ஒரே காம்பராவில் நெருங்கிப் படுப்பவர்களுக்குச் சுலபமாகத் தொற்றும்.

இதற்கு டிஸ்பென்சரியில் பென்சிலின் வகைக் குளிசை தருவார்கள், வழக்கமாக 10 நாளைக்கு. (முன்பு பென்சிலினால் உடம்பு தடித்திருந்தால் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.) மூன்றாம் நாளே காய்ச்சல் விட்டுவிடும், பிள்ளை விளையாடப் போய்விடும். மிச்சக் குளிசையை "அடுத்ததுக்கு ஆகும்" என்று டின்னில் போட்டு வைப்போம். வில்லங்கம் அங்கேதான். அரைகுறையாக விட்ட கிருமி தொண்டையில் தங்கிவிடலாம். சில பிள்ளைகளுக்கு இரண்டு மூன்று வாரம் கழித்து முழங்கால், கணுக்கால் என்று மூட்டுக்கு மூட்டு மாறி வீக்கமும் நோவும் வரும். இதுவே வாதக் காய்ச்சல். மூட்டு நோவு போய்விடும், இருதய வால்வில் விழுந்த தழும்பு போகாது. பிறகு மலையேறினாலே மூச்சு வாங்கும். அப்படி ஆனவர்களுக்கு மூன்று நான்கு வாரத்துக்கு ஒரு ஊசி, பல வருடங்களுக்குத் தேவைப்படும். 10 நாள் குளிசையை அதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்!

வெள்ளை, புள்ளியாக இல்லாமல் சாம்பல் நிறத் தோல்போல ஒட்டியிருந்தால் தொண்டைக் கரப்பானாக இருக்கலாம். தடுப்பூசியால் இன்று அபூர்வம், ஆனாலும் உயிராபத்து. அதையோ, வாய் திறக்க முடியாமல் எச்சில் வடிவதையோ, மூச்சு இழுப்பதையோ கண்டால் விடியும்வரை காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள்.

கிளினிக்குக்குப் போகும்போது பிள்ளையின் தடுப்பூசி அட்டையையும் எடுத்துச் செல்லுங்கள்.