முதல் அழியாமல்

அன்புள்ள அண்ணாச்சிக்கு,

கல்லிடைக்குறிச்சிப் பக்கம், கன்னடியன் கால்வாய் ஓரத்தில் உங்கள் கொள்ளுத்தாத்தா கட்டி, தர்மத்துக்கென்று எழுதிவைத்த சத்திரம் பற்றிய கடிதம் கிடைத்தது. அப்பா காலத்தில் வாடகைக்கு வந்தவரின் மகன் இன்று "எங்க இடம்" என்கிறார், பட்டாவும் அவர்கள் பேரில் இருக்கிறது என்கிறீர்கள். கேஸ் போட்டால் பேரன் காலத்தில்தான் தீர்ப்பு வரும், பேசி ஒரு தொகையை வாங்கிக்கொண்டு எழுதிக் கொடுத்துவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

எழுதிக் கொடுத்துவிடாதீர்கள், அண்ணாச்சி. எழுதிக் கொடுக்க அது உங்கள் சொத்து இல்லை.

ஆற்றைத் தாண்டினால் அம்பாசமுத்திரம். அங்கே எரிச்சாவுடையார் கோயிலில் 9ஆம் நூற்றாண்டுப் பாண்டியன் வரகுணனின் கல்வெட்டு ஒன்று உண்டு. அரசன் 290 காசை இளங்கோக்குடிச் சபையாரிடம் ஒப்படைக்கிறான். காசுக்கு ஆண்டுக்கு 2 கலம் வீதம் 580 கலம் நெல்லை அவர்கள் கோயில் வழிபாட்டுக்கு அளக்க வேண்டும். முதல் தொகையில் கை வைக்கக் கூடாது. காசு சபையார் கையில் இருந்தது, ஆனால் அவர்களுடையதாக இருக்கவில்லை. உங்கள் குடும்பம் அந்தச் சபையார் இடத்தில் நிற்கிறது. ஆயிரம் வருஷத்துக்கு மேலாக இந்த ஆற்றங்கரைக்குத் தெரிந்த கணக்கு இது. இன்றைய சட்டமும் வேறு சொல்லவில்லை.

முதலில் மூலப்பத்திரத்தைத் தேடுங்கள். வீட்டில் இல்லையென்றால் சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் மனு போடுங்கள். அதில் என்ன தர்மம் எழுதியிருக்கிறது என்பதில்தான் வழியே பிரிகிறது. துவாதசிக்கோ கோயில் திருவிழாவுக்கோ அன்னதானம் என்று இருந்தால் அது சமயம் சார்ந்த தர்மம். 1959ஆம் வருஷத்து அறநிலையத்துறைச் சட்டம் அதைக் காக்கும். 78ஆம் பிரிவின்படி உதவி ஆணையரிடம் புகார் கொடுக்கலாம். குத்தகைக் காலம் முடிந்தும் வெளியேறாதவரையும் அந்தப் பிரிவு ஆக்கிரமிப்பாளர் என்றே சொல்கிறது. இத்தகைய சொத்தை மீட்கும் வழக்குக்குக் காலவரம்பு கிடையாது என்பது 109ஆம் பிரிவு. ஆணையர் அனுமதி இல்லாமல் விற்றாலும், ஐந்து வருஷத்துக்கு மேல் குத்தகைக்கு விட்டாலும் 34ஆம் பிரிவின்படி செல்லாது. நீங்கள் வாங்க நினைக்கும் அந்தத் தொகை இங்கேயே அடிபட்டுப் போகிறது.

வெறும் வழிப்போக்கர் தங்குமிடம், தண்ணீர்ப் பந்தல் என்று மட்டும் இருந்தால் சிவில் கோர்ட்தான். அங்கே 12 வருஷக் காலவரம்புக் கணக்கு வரும், எதிராளி அதைத்தான் பிடித்துக்கொள்வார். ஆனால் வாடகைக்காரராக உள்ளே வந்தவரும் அவர் வாரிசும் இடம் தங்களுடையது என்று சொல்லச் சட்டம் லேசில் விடாது. அதனால் அப்பா வைத்திருந்த வாடகை ரசீதின் அடிக்கட்டைகளைப் பரணிலிருந்து இறக்குங்கள். இந்த வழக்கில் அவற்றைவிடப் பெரிய சாட்சி இல்லை.

பட்டாவைக் கண்டு பயப்பட வேண்டாம். 1980களில் நடந்த யு.டி.ஆர். நில ஆவணப் பதிவில், குடியிருந்தவர் பேரைக் கேட்டு எழுதிக்கொண்டு போன இடங்கள் ஏராளம். பட்டா மட்டுமே உரிமை மூலம் ஆகாது. அதற்கு முந்தைய செட்டில்மெண்ட் பதிவேட்டில் யார் பேர் இருக்கிறது என்று பாருங்கள்.

ஒரு காலத்தில் வாடகை நிலத்தில் கட்டடம் கட்டியவர், நிலத்தையே தனக்கு விற்கும்படி கோர்ட்டைக் கேட்க 1921ஆம் வருஷத்து நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம் இடம் கொடுத்தது. கோயில், மசூதி, சர்ச் நிலங்கள் அப்படிக் கைமாறின. 1996இல் வந்த திருத்தம் அவற்றுக்கு விலக்குக் கொடுத்தது. மயிலாப்பூர் கிளப் வழக்கில் 2005இல் உச்ச நீதிமன்றம் அந்தத் திருத்தம் செல்லும் என்றது. உங்கள் தர்மம் சமயம் சார்ந்தது என்றால், அந்த வழியும் எதிராளிக்கு அடைபட்டதுதான்.

இனி நான் எழுதுவது உங்களுக்கு வருத்தம் தரலாம். மூன்று பக்கக் கடிதத்தில் அந்த மனிதரின் பேராசை பற்றி நிறைய எழுதியிருக்கிறீர்கள். சத்திரத்தில் கடைசியாக எப்போது இலை போட்டது என்று ஒரு வரி இல்லை. அடுப்பு அணைந்து, கணக்கு நோட்டும் நின்றுபோன பிறகுதானே "எங்க இடம்" என்று சொல்ல ஒருவருக்குத் துணிவு வந்தது? கோர்ட்டிலும் இந்தக் கேள்வி வரும். சமயம் சாராத தர்மம் என்றால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 92ஆம் பிரிவில், தர்மத்தில் அக்கறையுள்ள ஊர்க்காரர் இரண்டு பேர் அனுமதி பெற்று, சத்திரத்தை ஏன் கவனிக்கவில்லை என்று உங்கள் மேலேயே வழக்குப் போடலாம்.

அந்தக் குடும்பத்தைத் தெருவில் நிறுத்த வேண்டும் என்று நான் சொல்லவில்லை. போக்கிடம் இல்லாதவர்கள் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். இடம் தர்மத்துடையது என்று அவர் எழுத்தில் ஒப்புக்கொண்டால், முறைப்படி அனுமதி பெற்று, நியாய வாடகைக்கு அவரையே வைத்துக்கொள்ள முடியுமா என்று பாருங்கள். அந்த வாடகையில் மாதம் ஒரு நாளாவது சோறு போடலாம்.

பத்திர நகல் கிடைத்ததும் எனக்கு ஒரு பிரதி அனுப்புங்கள். எழுத்து மங்கியிருந்தாலும் பரவாயில்லை, சேர்ந்து உட்கார்ந்து படிப்போம்.

அன்புடன்,
உங்கள் தம்பி