பந்தயத் திடலும் ஆகாயக் கப்பலும்

சிங்கப்பூரின் லிட்டில் இந்தியா வட்டாரத்தில் ரேஸ் கோர்ஸ் சாலையை நாம் அறிவோம். அப்பெயருக்குக் காரணமான ஃபேரர் பார்க் குதிரைப் பந்தயத் திடலில்தான், 1911 மார்ச் 16 அன்று சிங்கப்பூரில் முதன்முதலாக விமானம் பறந்தது. அதனை ஓட்டியவர் பெல்ஜிய நாட்டவரான ஜோசப் கிறிஸ்டியன்ஸ். 1919 டிசம்பரில், இங்கிலாந்திலிருந்து ஆஸ்திரேலியா நோக்கிப் பறந்த ராஸ் ஸ்மித் குழுவினரும் அத்திடலிலேயே இறங்கினர்.

எனினும், நெடுந்தொலைவுப் பயணத்திற்கு விமானத்தைவிட ஆகாயக் கப்பலே ஏற்றது என அக்காலத்தில் பலர் எண்ணினர். விமானம் விரைந்து ஓடினாலன்றி மேலெழாது. ஆகாயக் கப்பலோ தானே மிதப்பது. அதன் உலோகச் சட்டத்தினுள் ஹைட்ரஜன் வாயு நிரப்பிய பெரும் பைகள் இருக்கும். ஹைட்ரஜன் காற்றினும் இலேசானது. ஆனால் எளிதில் தீப்பற்றக் கூடியது.

பிரிட்டனின் ஆர் 101 என்னும் ஆகாயக் கப்பல், போதிய சோதனைகள் முடியுமுன்னரே கராச்சிக்குப் புறப்பட்டது. 1930 அக்டோபர் 5 அன்று அது பிரான்சில் வீழ்ந்து எரிந்தது. 48 பேர் மாண்டனர். 1937 மே 6 அன்று ஜெர்மனியின் ஹிண்டன்பர்க் அமெரிக்காவில் எரிந்து 36 பேரின் உயிரைக் கவர்ந்தது. ஆகாயக் கப்பல்களின் காலம் அத்துடன் முடிந்தது. அடுத்த மாதம், ஜூன் 12 அன்று, சிங்கப்பூரில் காலாங் விமான நிலையம் திறக்கப்பெற்றது.

உருவில் பெரியதாயிருத்தல் மட்டும் போதாது. பொறுமையுடன் சோதித்துத் தெளிவதே உயிர் காக்கும் அறிவியல் என்பதை நாம் நெஞ்சில் கொள்வோமாக.