மழை வந்தாலே படபடப்பா?

ஆந்திராவில் அம்மப்பள்ளி அணை திறந்தால், பள்ளிப்பட்டு, திருத்தணிப் பக்கம் கொசஸ்தலை ஆற்றங்கரை ஊர்களுக்கு வயிற்றைக் கலக்கும். 2015, 2021 வெள்ளங்களைப் பார்த்தவர்களில் ஐப்பசி பிறந்தாலே தூக்கம் தொலைப்பவர்கள் உண்டு. நடுராத்திரி எழுந்து வாசலில் டார்ச் அடித்துத் தண்ணீர் ஏறுகிறதா என்று பார்ப்பார்கள். கேலி செய்யாதீர்கள்.

● பயப்படுகிறவரோடு வாதாடுவது வீண். கைக்கு வேலை கொடுங்கள். ரேஷன் கார்டு, ஆதார், பட்டா, மாத்திரைச் சீட்டு எல்லாவற்றையும் பிளாஸ்டிக் கவரில் போட்டுப் பரணில் அவரே வைக்கட்டும். பாதிப் படபடப்பு அதிலேயே அடங்கும்.

● அணை நிலவரம் காலையில் ஒரு தடவை, மாலையில் ஒரு தடவை போதும். அதிகாரிகளின் எச்சரிக்கை வந்தால் மட்டும் உடனே கவனியுங்கள். வாட்ஸ்அப்பில் சுற்றும் வெள்ள வீடியோவில் பாதி பழசு.

● குழந்தை படுக்கையை நனைத்தால் திட்டாதீர்கள், கூடப் படுங்கள்.

● "முருகன் காப்பாத்திட்டான், விடு" என்று பேச்சை மூடிவிடாதீர்கள். படியேறிக் கும்பிட்டால் மனசு லேசாகும், சரி. ஆனால் ஆடு மாடு போனதைச் சொல்லி அழவும் ஆள் வேண்டும்.

● வெள்ளம் வடிந்து ஒரு மாதம் தாண்டியும் கெட்ட கனவு, எரிச்சல், புதிதாகக் குடி என்றால் 14416, டெலி மானஸ் மனநல உதவி எண்ணை அழையுங்கள். இலவசம், 24 மணி நேரமும் உண்டு. எல்லையோர வீடுகளுக்கு வசதியாகத் தமிழிலும் பேசலாம், தெலுங்கிலும் பேசலாம்.